இன்ஷிராஹ் அம்மாள் மறுபடி பாடிய கதை

செத்தவர்களை வைத்துப் பிழைப்பது எங்கள் ஊருக்குப் புதிதில்லை. பாலைவனத்தில் முக்கோணமாக நிற்பதெல்லாம் வேறென்ன? ஆனாலும் இன்ஷிராஹ் அம்மாளை வைத்து அவள் அண்ணன் மகன் ஹாத்திம் பே (பே என்றால் எங்கள் ஊரில் துரை மாதிரி) பிழைக்கிற பிழைப்பைப் பார்த்தால் பழைய மன்னர்களே வெட்கப்படுவார்கள். அத்தை முகம் போட்ட காபிக் கோப்பை விற்றான். அத்தை பேரில் அத்தர் விற்றான். கடைசியில் அத்தையையே ஒளியால் செய்து மேடையில் நிறுத்தப் போவதாகக் கெய்ரோ முழுக்கச் சுவரொட்டி ஒட்டினான். பழைய ஒலிப்பதிவிலிருந்து குரலை மட்டும் உருவி எடுத்துவிட்டார்களாம். வாத்தியங்களை உயிருள்ள ஆட்கள் வாசித்தால் கௌரவமாக இருக்கும் என்று, அவளிடம் வாசித்து இன்னும் சாகாமல் இருக்கிற எங்களைத் தேடிப் பிடித்தான். நான் கானூன்காரன். மடியில் வைத்துத் தந்திகளை மீட்டிக்கொண்டு அவள் இடது பக்கத்திலேயே கிழவனானவன்.

அம்மாள் மன்சூராப் பக்கம் கல்யாண வீடுகளில் பாடித் தொடங்கியவள். தலைநகருக்கு வந்ததும் நாற்பது வருடம் இந்த ஊரைக் கட்டிப் போட்டாள். அவள் பாட்டு ஒன்றரை மணி நேரம் போகும். பாட்டு நீளமானது என்பதால் அல்ல, ஜனங்கள் விடமாட்டார்கள் என்பதால். ஒரு வரி பிடித்துப்போனால் சபை "மறுபடி" என்று கூவும். அவளும் அந்த வரிக்குத் திரும்புவாள். பாடியதையே பாடுவாள் என்று நினைத்துவிடாதீர்கள். முதலில் புகாராக வந்த வரி அடுத்த தடவை கிண்டலாக வரும், அதற்கடுத்த தடவை சாபமாக வரும். சபை கூவியதும் நாங்களும் அவளோடு திரும்பியாக வேண்டும். திரும்பாமல் முன்னால் ஓடிய வயலின்காரன் ஒருவன் மேல், திரை விழுந்ததும் அம்மாளின் செருப்பு பறந்தது. குறி தப்பவில்லை.

அந்த வித்தையை அவளிடமிருந்து முழுசாக வாங்கிக்கொண்டவள் ஒருத்திதான், கோரஸ் பின்வரிசையில் நின்ற ராவியா. அம்மாள் போனதும் பாட்டுகளெல்லாம் ஹாத்திமின் சொத்தாகிவிட்டன. பாடத் தெரியாதவனுக்குப் பாட்டு சொத்து, பாடத் தெரிந்தவளுக்கு வக்கீல் நோட்டீஸ். ராவியா எந்த மேடை ஏறப் போனாலும் அவளுக்கு முன்னால் நோட்டீஸ் போய் உட்கார்ந்திருக்கும். இந்தக் கச்சேரிக்கு அவளைக் கூப்பிட்டபோது ஹாத்திம் ஆசை காட்டினான்.

"ரெண்டு நாள் கோரஸ்ல நில்லு. முடிஞ்சதும் அத்தை பாட்ட உன் பேர்லயே பாடிக்க, அனுமதி தர்றேன்."

அதற்காகத்தான் வந்தாள். வயது ஐம்பதை நெருங்குகிறது. தொண்டை யாருக்காகவும் காத்திருக்காது என்று அவளுக்குத் தெரியும்.

ஒத்திகையில் ஹாத்திம் எங்களுக்குப் பாடம் எடுத்தான். "எவன் என்ன கத்தினாலும் திரும்பக் கூடாது மாமா. மெஷின் நிக்காது, அது பாட்டுக்குப் போயிட்டே இருக்கும்."

"சரி பே" என்றேன். சரி சொல்ல வாய்க்கு என்ன வலி, கையல்லவா கேட்க வேண்டும்.

முதல் நாள் அரங்கம் நிரம்பி வழிந்தது. முன்வரிசை நடுவில் அனீஸ் ஐயா. ஷுப்ராப் பேட்டைக்காரர், வருமான வரி ஆபீசில் ஓய்வு பெற்றவர், சங்கீத ரசனையை மொத்தமாகக் குத்தகைக்கு எடுத்தவர். திரை விலகியது. மேடை இருட்டு. நடுவில் அம்மாள் பச்சைப் பட்டில் ஜொலித்துக்கொண்டு நின்றாள், இடுப்பைக் கொஞ்சம் குறைத்திருந்தார்கள். கூட்டம் அழுதது. பாட்டு தொடங்கியதும் முன்வரிசை மொத்தமும் கண்ணை மூடிக்கொண்டது. எங்கள் ஊர் ரசிகன் கண்ணைத் திறந்துகொண்டு கேட்டால் அவன் ரசிகனே இல்லை. ஒரு மாதச் சம்பளத்தைக் கொடுத்து உருவத்தைப் பார்க்க வந்துவிட்டுக் கண்ணை மூடுகிற புத்திசாலிகளை வேறெங்கே தேடுவது?

"கதவைத் தாழிடவில்லை, தூக்கத்தைத்தான் தாழிட்டேன்" என்ற வரி வந்தது. அனீஸ் ஐயா "மறுபடி" என்று கூவினார். அரங்கமே சேர்ந்துகொண்டது. நாங்கள் அத்தனை கழுதைகளும் ஒன்றாகத் திரும்பிவிட்டோம். ஒளி அம்மாள் அடுத்த வரிக்குப் போய்விட்டாள். அவள் ஒரு பக்கம், நாங்கள் ஒரு பக்கம். ஒலிப்பலகைப் பையன் பயந்துபோய் அவள் குரலை அணைத்துவிட்டான். மானம் போகப் போகிறது என்று நான் நினைத்தபோது கோரஸ் பின்வரிசை இருட்டிலிருந்து ராவியா அந்த வரியை எடுத்தாள். ஒரு தடவை கெஞ்சினாள், ஒரு தடவை சிரித்தாள். மூன்றாவது தடவை சபித்தாள், பாட்டில் வருகிற அந்தக் காதலன் எங்கிருந்தாலும் விளங்காமல் போயிருப்பான். அரங்கம் பைத்தியம் பிடித்துக் கத்தியது. அந்தக் கூச்சலுக்குள்ளேயே நாங்கள் ஓடிப்போய் ஒளி அம்மாளைப் பிடித்துக்கொண்டோம், பையன் குரலைத் திறந்துவிட்டான்.

முடிந்ததும் மேடைக்குப் பின்னால் அனீஸ் ஐயா கண்ணீரோடு வந்து என் தோளைப் பிடித்துக்கொண்டார். "இந்தக் காலத்துல எவளுக்குய்யா வரும் இது? செத்தவதான் வந்து பாட வேண்டியிருக்கு."

"அந்த வரியப் பாடினது இந்தப் பொண்ணு, ஐயா."

அவர் சிரித்தார். "விரல்தான் போச்சுன்னு நெனச்சேன். காதும் போச்சா உமக்கு?"

ராவியா என் பக்கத்தில்தான் இருந்தாள். அங்கேயே நின்றபடி அந்த வரியைப் பாடினாள். மேடையில் பாடியதைவிட நன்றாக இருந்தது. அனீஸ் ஐயா இந்தத் தடவை கண்ணைத் திறந்து வைத்துக்கொண்டு, அவளுடைய பழைய கைப்பையையும் நரைத்த வகிட்டையும் பார்த்தபடி கேட்டார்.

"நல்லாத்தாம்மா இருக்கு. ஆனா அம்மா பாடினது வேற." தட்டிக்கொடுத்துவிட்டுப் போய்விட்டார். நாற்பது வருடம் கேட்ட காது. தூ.

ஹாத்திம் பக்கத்தில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தான். "பாத்தியா? இருட்டுல நின்னாத்தான் உனக்கு மரியாதை. அடுத்த கச்சேரி துபாய்ல, அங்கயும் இதே மாதிரி நின்னு பாடிக் குடு, சம்பளம் கூட்டித் தர்றேன்."

"அனுமதி தர்றேன்னீங்களே பே?"

"நீ வெளிய பாடினா எங்க அத்தையப் பாக்க எவன் வருவான்? கொஞ்சம் யோசி."

ராவியா யோசித்தாள். "சரி. நாளைக்கு உங்க அத்தையே பாடட்டும்" என்றாள். அவன் அதை நகைச்சுவை என்று எடுத்துக்கொண்டு சிரித்தான்.

மறுநாள் பத்திரிகைகள் இயந்திரத்தைப் புகழ்ந்து தள்ளின. ரசிகர்கள் கேட்டதும் திரும்பிப் பாடுகிற அளவுக்கு விஞ்ஞானம் வளர்ந்துவிட்டதாம். அன்று மாலை உட்கார இடமில்லாமல் ஜனங்கள் ஓரங்களில் நின்றார்கள். கூவல் வந்ததும் குரலை அணைக்கும்படி ஹாத்திமே பையனுக்குச் சொல்லி வைத்திருந்தான். அதே வரி வந்தது. அனீஸ் ஐயா கூவினார், நாங்கள் திரும்பினோம், பையன் அணைத்தான்.

ராவியா வாயைத் திறக்கவில்லை.

ஒளி அம்மாள் சத்தமில்லாமல் வாயைத் திறந்து திறந்து மூடினாள், கரையில் போட்ட மீன் மாதிரி. நாங்கள் அந்த வரியின் தொடக்கத்தை மறுபடி வாசித்தோம். யாரும் எடுக்கவில்லை. முன்வரிசையில் ஒவ்வொரு கண்ணாகத் திறந்தது. ஓரத்திரைக்குப் பின்னால் ஹாத்திம் இரண்டு கையையும் வீசி ராவியாவுக்குச் சைகை காட்டினான். நாங்கள் மூன்றாவது தடவையும் வாசித்துவிட்டு நிறுத்தினோம். இன்ஷிராஹ் அம்மாள் செத்துவிட்டாள் என்பது இத்தனை வருடத்துக்குப் பிறகு அப்போதுதான் எங்கள் ஊருக்கு உறைத்தது.

அனீஸ் ஐயா எழுந்தார். உருவத்தைப் பார்த்தார். பிறகு மேடையின் பின்வரிசை இருட்டில் தேடினார்.

"நீதானாம்மா?" என்றார். "பாடும்மா. தயவு பண்ணிப் பாடு."

"மொதல்ல லைட்டப் போடச் சொல்லுங்க ஐயா" என்றாள் ராவியா.