குடிலுக்குப் போட்ட பயறு

பெரியநாயகசாமிக்குப் பெயரில் இருக்கிற பெருமை உடம்பில் கிடையாது. ஏழு வருஷம் குவைத்தில் இருந்துவிட்டு அவர் கொண்டுவந்ததில் கனமான சாமான் சர்க்கரை வியாதி ஒன்றுதான். "முளைகட்டின பயறு சாப்பிடுங்க" என்று கும்பகோணத்து டாக்டர் சொல்லி ஒரு வாரம்கூட ஆகவில்லை. மனைவி அமலி காலைப் பூசைக்குப் போயிருந்தபோது, அலமாரிக்கு அடியில் இருட்டில் ஒரு ஈரத்துணி மூட்டை அவர் கண்ணில் பட்டது. அவிழ்த்தார். பச்சைப்பயறு. ஒவ்வொன்றும் வெள்ளை வால் விட்டிருந்தது.

மனிதர் உருகிப்போனார். வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்லாமல் நமக்காக ஊறவைத்திருக்கிறாளே! வெங்காயம் நறுக்கி, எலுமிச்சம்பழம் பிழிந்து, உப்புத் தூவி, நன்றியோடு கடைசிப் பயறு வரை தின்றார். கிண்ணத்தையும் கழுவிக் கவிழ்த்தார். அந்த வீட்டில் அவர் கழுவிய முதல் கிண்ணம் அது.

அவளிடம் சொல்லவேண்டிய விஷயம் ஒன்று அவர் நெஞ்சில் பத்து நாளாகக் குத்திக்கொண்டிருந்தது. இன்று சொல்லிவிடலாம், நல்ல மனநிலையில்தான் இருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டார். குவைத்தில் அவர் போட்ட கணக்குகளும் இப்படித்தான் தப்பின.

அமலி வந்ததும் அலமாரிக்கு அடியில் குனிந்தாள்.

"ஏங்க, இங்க இருந்த பயறு எங்க?"

"பிரமாதம் அமலி. ஒரு பச்சைமிளகாய் மட்டும்தான் குறை."

"தின்னுட்டீங்களா?"

"டாக்டர்தானே..."

"அது குடிலுக்குப் போட்ட பயறுங்க!"

கிறிஸ்துமஸுக்கு அந்த வீட்டில், இயேசு பிறந்த மாட்டுக்கொட்டகையைச் சிலைகளோடு குடிலாக வைப்பார்கள். முளைவிட்ட பயறைத் தட்டில் மண் பரப்பித் தூவி, இருட்டில் வைத்து வளர்த்துக் கடைசியில் வெயில் காட்டினால், திருநாளுக்குள் ஒரு சாண் நிற்கும். மாட்டுக்கொட்டகையைச் சுற்றி அதுதான் வயல். "அப்பா, பயறு ஒரு சாண் வந்துடுச்சு!" என்று மகள் சான்ட்ரா வருஷா வருஷம் போனில் கத்துவாள். அவரும் வருஷா வருஷம் "பேஷ், பேஷ்" என்பார். எந்தப் பயறு, எதற்குப் பயறு என்று ஒருநாளும் கேட்டதில்லை.

தப்புச் செய்தவனுக்குக் கோபம் முதலில் வரும் என்பார்கள். அவருக்கும் வந்தது.

"ஒரு கைப்பிடி பயறு! அதுக்கு ஊரைக் கூட்டுறியா? கடையில வாங்கிப் போடு. இல்லன்னா பிளாஸ்டிக் புல்லு விக்கிறான், பாய் மாதிரி விரிச்சுடலாம். வாடவே வாடாது."

"கடைப் பயறுல பாதி கல்லு. ஊறவே ஊறாது. இது நம்ம வடக்குக் கொல்லையில போன பங்குனியில நான் குனிஞ்சு எடுத்த பயறு. இந்த வருஷம் ஆத்துல தண்ணி வந்துச்சா? நாத்து விட்டோமா? சம்பா அறுப்புக்கு முன்னாடி அந்த ஈரத்துலதானே பயறு தெளிப்போம்? சம்பாவே இல்லாத வயல்ல எங்கேர்ந்து தெளிக்கிறது? இந்த வருஷம் நம்மகிட்டப் பச்சைன்னு இருக்கப்போறது அந்தத் தட்டு ஒண்ணுதாங்க. விதையைத் தின்ன ஆம்பளையைக் கதையில கேட்டிருக்கேன். இப்பத்தான் நேர்ல பாக்குறேன்!"

குடிலுக்காகத் துடைத்து வைத்திருந்த, மாதாவின் கணவர் சூசையப்பரின் சிலையை எடுத்து அதனிடம் பேச ஆரம்பித்தாள். அமலி சிலையோடு பேசினால் கோபம் உச்சியில் என்று அர்த்தம்.

"சூசையப்பரே, கையில காசில்ல, தங்க எடமில்ல. ஆனா நீங்க பொண்டாட்டியோட மாட்டுக்கொட்டாய் வரைக்குமாவது வந்தீங்க."

பெரியநாயகசாமி சூசையப்பரைப் பார்த்தார். சூசையப்பர் கண்டுகொள்ளவில்லை.

"சரி, வேற ஊறப்போடுறேன்," என்றாள் அமலி. "பானை அடியில வண்டு அரிச்சது போக ஒரு பிடி கெடக்கு. ஜனவரி ஆறு, மூணு ராஜா திருநாள் வரைக்கும் குடில் இருக்கும். அதுவரைக்கும் நீங்கதான் தண்ணி தெளிக்கணும். தின்னதுக்கு அபராதம்."

அவர் சுவரில் தொங்கிய காலண்டரைப் பார்த்தார். ஒரு மனைவிக்கு அந்தப் பார்வை போதும்.

"எப்பப் பயணம்?"

"இருபத்தெட்டு."

"எப்பலேர்ந்து தெரியும்?"

"வரும்போதே ரிட்டன் டிக்கெட்தான் அமலி."

அவள் அப்புறம் கத்தவில்லை. சிலையை வைத்துவிட்டு அடுப்படிக்குள் போய், ஒவ்வொரு பாத்திரமாகச் சத்தம் வராமல் வைத்தாள். அதைவிட அவள் கத்தியிருக்கலாம்.

பானையைக் கவிழ்த்து, வண்டு அரித்ததைக் கழித்து, நல்லதை அவரே பொறுக்கி ஊறவைத்தார். பிறகு சைக்கிளை எடுத்துக்கொண்டு எஸ்.டி.டி. பூத்துக்குப் போனார். குவைத் மேனேஜர் மலையாளி. தமிழில் திட்டத் தெரிந்தவர்.

"லீவு நீட்டணுமா? யாருக்கு உடம்பு சரியில்ல?"

"யாருக்கும் இல்ல சார். பயறு போட்டிருக்கேன்."

"எத்தனை ஏக்கர்?"

"ஒரு தட்டு சார்."

அதன்பிறகு மேனேஜர் சொன்னவை திருநாள் மாதத்தில் எழுதத் தக்கவை அல்ல. எல்லாவற்றையும் காதில் வாங்கிக்கொண்டு, பெரியநாயகசாமி "ராஜாக்கள் வந்தப்புறம்தான் சார் வருவேன்" என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னார். எந்த ராஜாக்கள் என்று அந்த ஆளுக்குக் கடைசிவரை புரியவில்லை. ஆனாலும் ஜனவரி ஏழாம் தேதி கிளம்பினால் போதும் என்று மேனேஜர் ஒப்புக்கொண்டார்.

பெரியநாயகசாமி வெற்றிவீரராகத் திரும்பினார். அமலி தட்டில் மண் பரப்பிக்கொண்டிருந்தாள்.

"திருநாள் முடியற வரைக்கும் இருக்கேன். சொல்லிட்டேன்."

அவள் நிமிரவில்லை. "பயறு காய்ச்சு அறுக்க அறுபது நாளுக்கு மேல ஆகும். தெரியுமா?"

"தெரியும்."

"தெரிஞ்சுதான் முளையோட தின்னீங்களா?"

அவள் தண்ணீர்ச் செம்பை அவர் கையில் திணித்தாள். திணித்த வேகத்தில் பாதி அவர் வேட்டியில் கொட்டியது. அவர் சம்மணமிட்டு உட்கார்ந்து, விரலை நனைத்து மண்ணின் மேல் மெல்ல உதறினார்.

"தெளிங்க, ஊத்தாதீங்க," என்றாள் முதுகுக்குப் பின்னாலிருந்து. "நாளைக்குத் துணி மூட்டையில முளை வரும். கையை அந்தப் பக்கம் கொண்டுபோனீங்க, தெரியும் சேதி!"