உள்ளே துணி விடாத தையல்

மகா நாலடி எட்டு அங்குலம். செருப்பிலிருந்து சுடிதார் வரை எல்லாவற்றையும் குழந்தைகள் பகுதியில்தான் வாங்குவாள். பஸ்ஸில் கண்டக்டர் "எந்த ஸ்கூலும்மா?" என்று கேட்டால், இருபத்தேழு வயதுக்காரி கோபப்படாமல், "ஸ்கூல் முடிச்சுப் பத்து வருஷம் ஆச்சு சார்" என்று சிரிப்பாள். அந்தச் சிரிப்பைப் பார்த்தால் அவள் அண்ணி வனஜாவுக்குப் பற்றிக்கொண்டு வரும். தன்னிடம் எவனாவது அப்படிக் கேட்டிருந்தால், கண்டக்டர் தன் விசிலைத் தானே விழுங்கியிருப்பார்.

வனஜாவுக்கு உடம்பும் தாராளம், வாயும் தாராளம். ஜீவனஹள்ளியில் பதினெட்டு வருஷமாக வீட்டிலேயே ஜாக்கெட் தைக்கிறாள். அவள் கைப்பட்ட ஜாக்கெட்டில் கை தூக்கினால் கிழியாது, குனிந்தால் தூக்காது என்று தெருவில் பேர் உண்டு. ஆனால் தண்ணீர் என்றால் பக்கெட் ஆழத்துக்கு மேல் பயம். அதனால்தானோ என்னவோ, நாத்தனார் நீந்துகிறாள் என்பதில் அவளுக்குத் தலைகால் புரியாத பெருமை. மாநகராட்சி நீச்சல் குளத்தில் டிக்கெட் கிழிக்கிற வேலைக்குப் போன மகா, பெண்கள் நேரத்தில் மற்றவர்கள் நீந்துவதைப் பார்த்துப் பார்த்து, பிறகு ஒருநாள் தானும் இறங்கி, மூன்றே மாதத்தில் அந்தக் குளத்தை இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் அளக்க ஆரம்பித்துவிட்டாள். வருகிறவர்களிடமெல்லாம் வனஜா இதைச் சொல்வாள். ஜாக்கெட்டுக்கு அளவு கொடுக்க வந்தவர்கள் மூச்சை அடக்கிக்கொண்டு கேட்டாக வேண்டும்.

அப்பேர்ப்பட்டவள் போன ஞாயிற்றுக்கிழமை பரீட்சையில் தோற்றுத் திரும்பி வந்தாள். தொம்மலூரில் ஒரு பெரிய அபார்ட்மென்ட். பெண்களும் பிள்ளைகளும் நீந்துகிற நேரத்துக்கு ஒரு பெண் லைஃப்கார்டு தேவை. குளத்தில் குதித்து, அடியில் கிடக்கும் ஆள் கனத்து ரப்பர் பொம்மையைத் தூக்கி, எதிர்க்கரைக்கு இழுத்து வர வேண்டும். மகா பாதியில் பொம்மையை விட்டுவிட்டாள். அபார்ட்மென்ட் சங்கச் செயலாளர் பாலசுப்ரமணியன், "சின்ன உடம்பும்மா. இந்த உயரத்துக்கு ஒரு ஆளை எப்படி இழுப்ப?" என்று அனுப்பிவிட்டார். அங்கே நீச்சல் பயிற்சியாளரான டெரிக்தான் பரிந்து பேசி, அடுத்த ஞாயிறு இன்னொரு தடவை வரட்டும், அதோடு சரி என்று சொல்ல வைத்தார்.

உண்மை வேறு. பூண்டு உரித்துக்கொண்டே அதை அண்ணியிடம் மட்டும் சொன்னாள் மகா.

"குதிச்சதும் நீச்சல் டிரஸ் ஸ்ட்ராப் தோளை விட்டு நழுவிடுச்சு அண்ணி. முன்பக்கம் அப்படியே தொறந்துக்கிச்சு. ஒரு கையால அதைப் பிடிச்சேன். இன்னொரு கையால பொம்மையைப் பிடிச்சேன். அப்புறம் நீந்தறதுக்குக் கை ஏது?"

"அட கர்மமே! அதைச் சொல்றதுக்கு என்ன? வாயில கொழுக்கட்டையா வெச்சிருந்த?"

"அத்தனை ஆம்பளைங்க முன்னாடி எப்படிச் சொல்றது?"

வனஜா பூண்டுத் தட்டைத் தள்ளி வைத்தாள். உடை செய்த தப்புக்கு உடம்பு பழி சுமந்திருக்கிறது. அதுவும் வாய் திறக்க முடியாத பழி.

"எடுத்துட்டு வா அந்தச் சனியனை. பிடிச்சுத் தைச்சுத் தரேன்" என்றாள்.

பெரியவர்கள் அளவிலேயே ஆகச் சிறியது அது. பிள்ளைகள் அளவில் கிடைத்ததோ நெஞ்சில் வாத்துப் படம் போட்டு, நீளம் பத்தாமல் தோளை அறுத்தது. வனஜா இரண்டு பக்கமும் தாராளமாகப் பிடித்துத் தைத்தாள். மிச்சத் துணியை வெட்டாமல், இரண்டு விரல் அகலத்துக்கு உள்ளே மடித்து விட்டாள். அவள் கை அப்படித்தான் பழகியது. கல்யாணம் ஆனால் உடம்பு போடும், பிள்ளை பெற்றால் இன்னும் போடும், அப்போது பிரித்து விட்டுக்கொள்ளலாம். உள்ளே துணி விடாமல் தைக்கிறவளை எந்தப் பெண்பிள்ளையும் மறுபடி தேடி வரமாட்டாள். போட்டுப் பார்த்தபோது உடை கச்சிதமாகத்தான் இருந்தது.

புதன்கிழமை மத்தியானம் பெண்கள் நேரத்தில் மாநகராட்சிக் குளத்துக்குக் கூடவே போனாள் வனஜா. மகா குதித்தாள். மேலே வந்தபோது இடுப்பின் இரண்டு பக்கமும் புடைத்திருந்தது. மடித்து விட்ட துணி தண்ணீரைக் குடித்துக் கனத்து, உடையைக் கீழே இழுத்தது. மகா கையை வீசிய வேகத்தில், இழுபடத் தெரியாத ஜாக்கெட் நூல் பக்கவாட்டில் படபடவென்று விட்டுப் போயிற்று. ஸ்ட்ராப் வழக்கம்போல் நழுவியது. ஒரு கையால் நெஞ்சைப் பிடித்தபடி மகா ஒற்றைக் கையால் நீந்திக் கரைக்கு வந்தாள். துண்டைச் சுற்றிக்கொண்டாள்.

"திட்டேன்டி, ரெண்டு வார்த்தை" என்றாள் வனஜா.

"நீங்க ஜாக்கெட் தைக்கிற மாதிரி தைச்சிருக்கீங்க அண்ணி. ஜாக்கெட் தண்ணியில குதிக்காது. அவ்வளவுதான்."

திட்டியிருந்தால்கூடத் தேவலை. அன்று ராத்திரி வனஜா அந்த உடையை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். இத்தனை வருஷத் தொழிலில் ஓர் உடையைக் கெடுத்துவிட்டு அவள் தலை குனிந்ததில்லை. ஆனால் தலை குனிந்தாலும் மூளை சும்மா இருக்குமா? எங்கே தொளதொளத்தது என்று யோசித்துக்கொண்டே இருந்தாள். பக்கவாட்டில் இல்லை. மகாவுக்குக் கழுத்திலிருந்து இடுப்பு வரை நீளம் குறைவு. உடையோ நெடுநெடுவென்று வளர்ந்தவளுக்கு வெட்டியது. மிச்ச நீளமெல்லாம் தோளில் வந்து நிற்கிறது. நழுவாமல் என்ன செய்யும்? சுற்றளவை அளந்து அளந்து பழகிய கைக்கு நீளம் கண்ணில் படவில்லை.

மறுநாள் கமர்ஷியல் ஸ்ட்ரீட்டில் ஒரு விளையாட்டுச் சாமான் கடை. வனஜா இஞ்ச் டேப்போடு போனாள். ட்ரையல் ரூமில் மகாவை நிறுத்தி, ஒரு தோளில் டேப்பை வைத்து, முன்பக்கமாக இறக்கி, கால் நடுவே கொண்டுபோய், முதுகு வழியாக ஏற்றி, அதே தோளில் கொண்டுவந்து முடித்தாள். பிறகு வெளியே வந்து கடையில் இருந்த ஒவ்வொரு நீச்சலுடையையும் மேசைமேல் பரப்பி அதே மாதிரி சுற்றி அளந்தாள்.

"ஆன்ட்டி, சைஸ் லேபிள்லயே இருக்கே" என்றாள் கடைப்பெண்.

"லேபிளா தண்ணியில குதிக்கப் போவுது? ஸ்வல்ப இரும்மா, அளந்து முடிச்சுடறேன்."

உடம்பளவை விட உடை சின்னதாக இருக்க வேண்டும், இழுத்துப் பிடித்துக்கொள்ள வேண்டும் என்பதை ஒத்துக்கொள்வதுதான் அவளுக்குப் பெரிய பாடாக இருந்தது. கை தானாகவே ஒரு சைஸ் பெரியதை எடுக்கும். புத்தி அதைத் திருப்பி வைக்கும்.

மகா கூச்சப்பட்டு, பாதித் தொடை வரை மூடுகிற ஒன்றைப் போட்டுக்கொண்டு வந்தாள். வனஜா தள்ளி நின்று பார்த்தாள். இருக்கிற காலே சின்னது. அதைப் பாதியில் கோடு போட்டு வெட்டியது போல் இருந்தது.

"கழட்டு. உன்னை இன்னும் நாலு விரல் குட்டையாக்குது."

கடைசியில் அகப்பட்டது ஒரு மெரூன் நிறம். கழுத்தெலும்பு வரை ஏறிய முன்பக்கம். முதுகில் ஒன்றையொன்று குறுக்கே வெட்டிப் போகும் பட்டைகள்; தோளை விட்டு நழுவ வழியே இல்லை. கால் பக்கம் கொஞ்சம் மேலே ஏறியிருந்தது. இடது தோளிலிருந்து வலது இடுப்புக்குச் சாய்வாக ஒரு வெள்ளைக் கோடு.

ட்ரையல் ரூமுக்குள் தடதடவென்று சத்தம். மகா குதித்தாள், கையைத் தலைக்கு மேல் வீசினாள், குனிந்து கால் விரலைத் தொட்டாள், குந்தியபடியே நடந்தாள். கடைப்பெண் பயந்துபோய்க் கதவைத் தட்டினாள். "மேடம், உள்ள எல்லாம் ஓகேவா?"

"எதுவும் அசையல அண்ணி!"

கதவைக் கொஞ்சம் திறந்து பார்த்த வனஜா அப்படியே நின்றுவிட்டாள். அந்தத் தோள்களை அவள் இதுவரை சரியாகக் கவனித்ததே இல்லை. பிள்ளைகள் சுடிதாருக்குள்ளும் துப்பட்டாவுக்குள்ளும் மூடிக் கிடந்தவை. சின்னதுதான், ஆனால் வேலை செய்து உருண்டு திரண்ட தோள்கள். முதுகு நேராக நின்றது. காலும் நீளமாகத் தெரிந்தது. என்ன அழகு இந்தப் பெண்! குட்டை, குட்டை என்று சொல்லிச் சொல்லி ஒரு குடும்பமே இவளைப் பார்க்காமல் விட்டுவிட்டதே!

"சக்கத்தா இருக்கடி, பிரமாதம்!" என்றாள்.

பட்டை மட்டும் ஓர் அங்குலம் கூடுதல் நீளம். வீட்டில் அதைப் பிடித்தாள், இழுபடுகிற நூலில் ஜிக்ஜாக் தையல் போட்டு. பழக்க தோஷம், மிச்சத்தை உள்ளே மடித்துவிட்டாள். பிறகு பிரித்தாள். கத்தரியை எடுத்தாள், கொஞ்சம் யோசித்தாள், தையல் ஓரமாக ஒட்ட வெட்டிப் போட்டாள். இனி பிரித்து விட ஒன்றும் இல்லை. இவள் இருக்கிறபடியே இருக்கட்டும், இதுவே போதும் என்று தோன்றியது.

ஞாயிறு காலை தொம்மலூரில், வனஜா கரையில் நின்று பார்க்க, மகா குதித்தாள், மூழ்கினாள், பொம்மையைத் தூக்கி வந்து எதிர்க்கரையில் போட்டாள். டெரிக் கை தட்டினார். பாலசுப்ரமணியனுக்கு மட்டும் மனசு வரவில்லை.

"பொம்மை சும்மா கிடக்கும் டெரிக். நிஜ ஆளு உதைப்பான், கட்டிப் பிடிப்பான். அது வேற கதை."

"அப்ப நான் இறங்கறேன்" என்றாள் வனஜா.

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். மகாவைப் போல் இரண்டு பேருக்குச் சமமான உடம்பு, மேலே சுடிதார்.

"உங்களுக்கு நீச்சல் தெரியுமா?" என்று கேட்டார் டெரிக்.

"தெரிஞ்சா என்னை எதுக்கு சார் காப்பாத்தணும்?"

டெரிக் நீளக் கழியோடு பக்கத்தில் வந்து நின்றார். வனஜா ஆழமான பக்கத்து ஏணியில் இறங்கினாள். கம்பியை விட்டாள். விட்டதுதான் தெரியும், மூக்கில், வாயில், காதில் தண்ணீர். நடிக்க வேண்டிய தேவையே இல்லாமல் உதைத்தாள், பிறாண்டினாள். பின்னாலிருந்து ஒரு கை நெஞ்சைச் சுற்றி வளைத்து அவளை மல்லாத்தியது.

"அண்ணி, கையைப் பிடிக்காதீங்க. மேல பாருங்க. வானத்தைப் பாருங்க."

அதே குரல்தான், வீட்டில் "காப்பி வேணுமா அண்ணி" என்று கேட்கிற குரல். வனஜா வானத்தைப் பார்த்தாள். உடம்பு கனமில்லாமல் நகர்ந்தது. தலையைக் கொஞ்சம் சாய்த்தபோது கன்னத்துக்குப் பக்கத்தில் மெரூன் பட்டை தெரிந்தது. இம்மி நகரவில்லை. ஒரு கை அவளை அணைத்திருந்தது. இன்னொரு கை நீண்டு நீண்டு தண்ணீரைத் தள்ளிக்கொண்டிருந்தது.

கரையில் ஏற்றி உட்கார வைத்தார்கள். பாலசுப்ரமணியன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "திங்கக்கிழமையிலேருந்து வந்துடும்மா. நான்தான் தப்பா நெனச்சுட்டேன்" என்றார்.

வனஜா இருமி இருமித் தண்ணீரைத் துப்பினாள். பிறகு அவரைப் பார்த்து இரண்டு விரலைத் தூக்கிக் காட்டினாள்.

"ரெண்டு கை சார்! பாத்தீங்களா? ரெண்டு கையும்!"

பாவம், தண்ணீர் தலைக்கு ஏறிவிட்டது போலிருக்கிறது என்று அவர் டெரிக்கைப் பார்த்தார். மகாவுக்குப் புரிந்தது. அவள் ஈரக் கைகள் இரண்டையும் நீட்டி அண்ணியின் முகத்தைத் துடைத்துவிட்டாள்.