பங்குச் சுமை

மாத்தளையிலிருந்து மிளகு ஏற்றி வந்த லொறியின் தார்ப்பாயை அவிழ்த்தபோது கண்டி நகரம் இன்னும் கண் விழிக்கவில்லை. மலைகளுக்கு மேலே மட்டும் சாம்பல் நிறத்தில் கொஞ்சம் வெளிச்சம். சேதுராமன் முதலாளியின் பலசரக்குக் கிட்டங்கி இருந்த சந்துக்குள் மழைத்தண்ணீர் கணுக்கால் நனைய ஓடியது. மூட்டை சுமக்கும் நாட்டாமைகள் வரிசையாக வந்து முதுகைக் கொடுத்தார்கள். லொறியின் மேல் நின்றவன் மூட்டையைச் சரித்துவிடுவான். அது தோளில் விழும்போது ஒவ்வொருவன் வாயிலிருந்தும் ஒரே மாதிரியான மூச்சு வெளிப்படும். பிறகு வழுக்கும் பலகையில் கால் விரல்களை ஊன்றி உள்ளே ஏற வேண்டும்.

தலையிலும் முதுகிலும் அவர்கள் சாக்குக் கொங்காணி போட்டிருந்தார்கள். அதன் பின்புறத்தில் கறுப்பு மையால் பெரிய நம்பர். அந்த நம்பரைப் பார்த்துத்தான் கணக்கப்பிள்ளை மேல்மாடி ஜன்னலிலிருந்து சுமையை எண்ணுவார். அவருக்கு முகம் தேவையில்லை, முதுகு போதும்.

உள்ளே பெண்கள் சுளகும் கையுமாக உட்கார்ந்து ஏலக்காய் பொறுக்கினார்கள். மிளகுத் தூசி மூக்கில் ஏறித் தும்மலாக வெடித்தது. கராம்பின் காரம் நகக்கண்ணில் எரிந்தது. ஞானேஸ்வரி கதவோரம், மழைச்சாரல் தெறிக்கும் இடத்தில், தனியாக உட்கார்ந்திருந்தாள். யாரும் அவளை அங்கே போகச் சொல்லவில்லை. அவள் எங்கே உட்கார்ந்தாலும் அவளைச் சுற்றி இடம் காலியானது. கடைசியில் அவளே அந்தக் கதவோரத்துக்குப் போய்விட்டாள்.

அவள் புருஷன் அழகமுத்து இந்தக் கிட்டங்கியின் பதினோராம் நம்பர். இரண்டு மூட்டை ஏலக்காய் திருடினான் என்று இரண்டு வருடச் சிறை. களவு போனதற்கு ஈடு என்று முதலாளி எல்லா நாட்டாமைகளின் சுமைக்கூலியையும் குறைத்துவிட்டார். அதிலிருந்து அவளைக் கண்டால் ஆண்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். வேலை முடிந்து போகும்போது எல்லாப் பெண்களும் வாசலில் மடியை உதறிக் காட்ட வேண்டும். ஞானேஸ்வரி மட்டும் இரண்டு தரம் உதற வேண்டும்.

"கட்டினவன் கைய நீட்டினான், பொண்டாட்டி மடிய உதறுறா," என்றாள் ஒருத்தி அன்று. மற்றவர்கள் சிரித்தார்கள்.

ஆஸியா உம்மா மட்டும் சிரிக்கவில்லை. திகனவிலிருந்து தினமும் முதல் பஸ்ஸில் வருகிறவள் அவள். மகன் ஹலீமும் இங்கேதான் நாட்டாமை. பத்து மணித் தேநீர் வரும்போது அவள் தன் கோப்பையோடு இன்னொரு கோப்பையையும் எடுத்து வந்து ஞானேஸ்வரியின் சுளகுக்கு அருகில் வைத்துவிட்டு, ஒன்றும் பேசாமல் போய்விடுவாள். இத்தனை மாதமாக அப்படித்தான். கடவுள் நேரில் வர முடியாத இடங்களுக்குச் சில மனிதர்களின் கையில் ஏதாவது கொடுத்தனுப்புகிறார். வாங்குகிறவருக்கு அது யார் கொடுத்தது என்று தெரிந்துவிடும்.

*

சனிக்கிழமை பார்க்கும் நாள். மஹியாவையில் தன் அறையைப் பூட்டிக்கொண்டு, வழியில் கட்டுக்கலைப் பிள்ளையாரைக் கும்பிட்டுவிட்டு, அவள் போகம்பறைச் சிறைக்கு நடந்து போனாள். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் அழகமுத்து வெள்ளை உடுப்பில் நின்றான். மூட்டை சுமந்த தோள் இரண்டும் எலும்பாகிவிட்டிருந்தன.

"ஒழுங்கா சாப்புடுறியா?" என்று கேட்டான்.

"நீங்க?"

"குடுக்கிறாங்க."

எப்போதும் பேச்சு இதற்கு மேல் நகராது. பக்கத்தில் நிற்பவர்களின் அழுகையும் கத்தலும் மிச்ச நேரத்தைத் தின்றுவிடும். அன்று அவளால் பொறுக்க முடியவில்லை.

"நான் ஒன்னு கேக்குறேன். களவு போன அன்னைக்கு விடியக்காலையில இருந்து நீங்க ஆஸ்பத்திரி வாசல்லதான இருந்தீங்க? எனக்கு ஆறு மாசப் புள்ள கலைஞ்சு ரத்தம் நிக்காம உள்ள கெடந்தேன். கோட்டுல அதச் சொன்னேன், அவங்க கேக்கலன்னு நீங்கதான் அப்ப சொன்னீங்க. மெய்யாவே சொன்னீங்களா?"

அவன் வலையைப் பிடித்திருந்த தன் விரல்களைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"சொல்லல."

"ஏன்?"

"ஆஸ்பத்திரில இருந்தேன்னா, என் சாக்க யாரு போட்டதுன்னு கேப்பாங்கல்ல?"

அவளுக்கு அப்போதுதான் விளங்கியது.

நாட்டாமைகளிடம் ஒரு வழக்கம் இருந்தது. ஒருவனுக்குக் காய்ச்சல், வீட்டில் சாவு என்று அவன் வராத நாளில், மற்றவர்கள் அவனுடைய சாக்கை மாறிமாறிப் போட்டுக்கொண்டு ஆளுக்குச் சில மூட்டை அவன் நம்பரில் சுமப்பார்கள். அன்றைய கூலி தவறாமல் அவன் வீட்டுக்குப் போய்ச் சேரும். பங்குச் சுமை என்று அதற்குப் பெயர். எந்தச் சங்கமும் சொல்லிக் கொடுக்காமல் பசி சொல்லிக் கொடுத்த ஒழுங்கு அது. முதலாளிக்கு மட்டும் தெரியாது. தெரிந்தால் அத்தனை பேரும் தெருவில்தான்.

களவு போன அந்த மழை நாளில் ஒரு வேன் வந்தது. முதலாளி அனுப்பினார் என்று அதில் வந்தவன் சொன்னான். பதினோராம் நம்பர் சாக்குப் போட்ட யாரோ ஒருவன் இரண்டு மூட்டை ஏலக்காயை அதில் ஏற்றினான். கணக்கப்பிள்ளை மேலிருந்து பார்த்தது நம்பரை மட்டுந்தான். முதலாளி யாரையும் அனுப்பவில்லை என்பது சாயந்தரம்தான் தெரியவந்தது. மறுநாள் பொலிஸ் அழகமுத்துவைப் பிடித்தது.

"கோட்டு வாசல்ல ஒரு பொலிஸ்காரரு, குத்தம்னு ஒத்துக்க, தண்டம் கட்டிட்டு இன்னைக்கே வீட்டுக்குப் போயிடலாம்னாரு," என்றான் அவன். "நீ வார்டுல தனியா கெடந்த. யுத்த நேரம் வேற. தமிழன் ரொம்பப் பேசுனா வேற கேள்வி வரும். ஒத்துக்கிட்டேன். நீதவான் அய்யா சிங்களத்துல என்னமோ சொன்னாரு. இங்க வந்த பொறகுதான் ரெண்டு வருஷம்னு தெரியும்."

காவலாளி மணியடித்தான்.

"யார்கிட்டயும் சொல்லாத. அத்தன பேரு அடுப்பும் அணைஞ்சிடும்," என்றான் அவன், பின்னுக்கு நடந்துகொண்டே.

அவள் ஏரிக்கரை வழியாகத் திரும்பினாள். மழை தூறியது. குடை பிடித்த மனிதர்கள் அவளை உரசிக்கொண்டு போனார்கள். அவளுக்குப் பிள்ளை இல்லாமல் போன அன்றும், புருஷன் இல்லாமல் போன அன்றும் ஊர் இப்படித்தான் அதன் பாட்டுக்கு நடந்துகொண்டிருந்திருக்கும். அழக்கூட ஓர் ஆள் துணை வேண்டியிருக்கிறது என்று அவள் நினைத்தாள்.

*

திங்கட்கிழமை தேநீர்க் கோப்பை வைக்க வந்த ஆஸியா உம்மாவின் கையை ஞானேஸ்வரி பிடித்துக்கொண்டாள். எல்லாவற்றையும் சொன்னாள். ஆஸியா உம்மா அப்படியே தரையில் குந்திவிட்டாள்.

"யா அல்லாஹ்! எண்ட மகனும் அண்டைக்கு அந்தச் சாக்கப் போட்டவன்தானே புள்ள!" வாயைப் பொத்திக்கொண்டாள். பயம் அவள் முகத்தில் வந்தது, நின்றது, பிறகு மெல்லப் போனது. "கோட்டுக்குக் கிட்ட ஒரு லோயர் ஐயா ஈக்கிறார். ஏழைகள்ட்ட சல்லி எடுக்க மாட்டாராம். வா, நானும் வாறேன்."

வழக்கறிஞர் மயில்வாகனம் யாழ்ப்பாணத்துக்காரர். முழுவதையும் கேட்டுவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

"ஓம் பிள்ளை, விளங்குது. குற்றத்தை ஒப்புக்கொண்ட ஆளுக்கு வழமையான அப்பீல் கஷ்டம். மேல்நீதிமன்றத்திலை மீளாய்வு மனு ஒண்டு போட்டுப் பாக்கலாம். ஆனா பெண்சாதியின்ரை சொல் மட்டும் காணாது. அந்தச் சாக்கைப் போட்ட ஆக்கள் வந்து சத்தியம் பண்ணவேணும்."

"வந்தா அவங்களப் புடிச்சுடுவாங்களா அய்யா?"

"பொய் சொல்ல மாட்டன். கேள்வி வரும்." அவர் ஜன்னல் பக்கம் பார்த்தார். "ஒருத்தன் கூண்டிலை ஏறேக்கை அவன்ரை பாசையிலை விளங்கப்படுத்த ஒரு ஆள், பக்கத்திலை நிக்க ஒரு வழக்கறிஞர். இது ரண்டும் இல்லாமல் ஒருத்தனையும் குற்றவாளி எண்டு எழுதக்கூடாது எண்டு சட்டம் கறாராச் சொல்லவேணும். அது வரைக்கும் இப்பிடித்தான், எத்தினையோ பேர் தங்கடை வாயாலையே தங்களைப் பூட்டிப்போட்டு உள்ளுக்கை இருக்கினம்."

*

மறுநாள் மத்தியானம் நாட்டாமைகள் சோற்றுப் பொட்டலத்தைப் பிரிக்கும் நேரம் பார்த்து ஞானேஸ்வரி அவர்கள் நடுவில் போய் நின்றாள். பெண்கள் அந்தப் பக்கம் போவதில்லை.

"என்னத்துக்கு வந்தே? எங்க கூலில வெட்டினது போதாதா?" என்றான் ஒருவன்.

"அவரு அன்னைக்கு ஆஸ்பத்திரில இருந்தாருன்னு ஒங்க எல்லாருக்கும் தெரியும்," என்றாள் அவள். "நீங்க அவருக்குப் பங்குச் சுமை சுமந்தீங்க. அதச் சொல்லாம இருக்கத்தான் அவரு உள்ள இருக்காரு. ஒங்கள நான் சபிக்கல. தெரிஞ்சுக்கங்கன்னு சொல்ல வந்தேன்."

யாரும் சோற்றில் கை வைக்கவில்லை. அவன் குற்றத்தை ஒத்துக்கொண்டான் என்றுதான் அவர்கள் கேள்விப்பட்டிருந்தார்கள். ஆஸ்பத்திரி வாசலில் இருந்துகொண்டே அந்த வேனை ஏற்பாடு செய்திருப்பான் என்று ஆளாளுக்குச் சொல்லித் தங்களைச் சமாதானப்படுத்திக்கொண்டிருந்தார்கள். மனிதன் பயத்தை மறைக்கப் பக்கத்து மனிதனை எவ்வளவு சுலபமாகக் கெட்டவனாக்கிவிடுகிறான்!

ஹலீம்தான் முதலில் பேசினான். "வேன் வந்த நேரம் சாக்கு எண்ட தலையில இருந்திச்சா, ஜமால்தீன் நானாட தலையில இருந்திச்சா, எனக்கே தெரியா. அந்த மழையில கை மாறிக்கிட்டே ஈந்திச்சு. மொதலாளி அனுப்பினதுன்னு சென்னா யாரும் ஏத்திருப்போம்."

"இப்ப ஒருத்தன் போயி நான்தான்னு சொன்னா அவன உள்ள போடுவான்," என்றான் முதலில் சீறியவன். "எனக்கென்ன பைத்தியமா?"

ஜமால்தீன் அவர்களில் மூத்தவர்; நானா, அதாவது அண்ணன், என்றுதான் எல்லோரும் அவரைக் கூப்பிடுவார்கள். கழுத்தில் மூட்டை தேய்த்த காய்ப்பு எருமைத்தோல் போல இருக்கும். அவர் மெதுவாகச் சொன்னார்:

"ஒருத்தன் சென்னா அது பொய்யாப் போகும், ஏனெண்டா எங்கள்ல யாருன்னு எங்களுக்கே தெரியா. எல்லாரும் சேந்து சென்னாத்தான் அது உண்ம. அழகமுத்து எங்க எல்லாரட சுமையையும் தனிய தூக்கிட்டு ஈக்கிறான். இது பங்குச் சுமையாடா? நான் போறேன். வாறவன் வா."

"நானா, வேலை போனா?" என்றான் ஒருவன்.

"போனா ஒண்டாப் போவோம். தனியப் போறத்த விட அது லேசு."

அன்று பின்னேரம் மயில்வாகனத்தின் அறையில் உட்காரக் கதிரை போதவில்லை. மிளகு வாசமும் வேர்வையும் அறையை நிறைத்தன. சீறியவனும் கடைசியாகப் படியேறி வந்தான். "சும்மா பாக்க வந்தேன்," என்று சொல்லிவிட்டு வரிசையில் நின்றான். ஒருவர் பின் ஒருவராகச் சத்தியம் பண்ணி, பெருவிரலை மையில் தொட்டுச் சத்தியக் கடதாசியில் பதித்தார்கள்.

*

அடுத்த நாள் விடியலில் கிட்டங்கிக் கதவு பூட்டிக் கிடந்தது. சத்தியக் கடதாசிச் செய்தி இரவே காதுக்கு எட்டி, சேதுராமன் முதலாளி குடையோடு படியில் நின்றார். நெற்றியில் திருநீறு பளிச்சென்று இருந்தது. சந்தில் மிளகு லொறி இயந்திரம் உறுமிக்கொண்டு நின்றது.

"வாங்க தொரைமாரே! கோட்டுக்குப் போற ஆளுங்களுக்கு இங்க என்ன வேலை?"

"மூட்ட எறக்க வந்தோம் மொதலாளி," என்றார் ஜமால்தீன்.

"ஒருத்தன் சாக்க இன்னொருத்தன் போட்டு என் கண்ணுல மண்ணத் தூவியிருக்கீங்க. இதுக்குப் பேரு களவு இல்லாம என்ன?"

"மூட்ட உள்ளுக்கு வந்திச்சா, இல்லையா? சுமக்காத சுமைக்கு நாங்க கூலி எடுத்திருக்கமா?"

"வாயப் பாரு! அந்தக் கடுதாசியத் திருப்பி வாங்கிட்டு வாங்க. கதவு தொறக்கும். இல்லாட்டி பஸ் ஸ்டாண்டுல ஆளுக்கா பஞ்சம்?"

"அப்ப அழகமுத்து?" என்றான் ஹலீம்.

"அவன் வாயாலதானே குத்தத்த ஒத்துக்கிட்டான்!"

ஞானேஸ்வரி முன்னால் வந்தாள். முதலாளிக்கு எதிரில் அவள் தலை நிமிர்ந்து நின்றது அதுவே முதல் தடவை.

"செஞ்சவரு ஒத்துக்கல மொதலாளி. செய்யாதவரு ஒத்துக்கிட்டாரு. நீங்களும் சாமி கும்புடுற ஆளு. அது எப்படிப்பட்ட மனுஷன்னு ஒங்களுக்கு வெளங்காமலா இருக்கு?"

முதலாளி அவள் பக்கம் திரும்பாமலே லொறிச் சாரதியிடம் சிங்களத்தில் கத்தினார், பஸ் ஸ்டாண்டுக்குப் போய் ஆட்களை ஏற்றி வரும்படி.

சாரதி ரன்பண்டா நெடுநாளாக இந்தச் சந்துக்கு வருகிறவன். நாட்டாமைகளைப் பார்த்தான். ஞானேஸ்வரியைப் பார்த்தான். கையை நீட்டி இயந்திரத்தை நிறுத்தினான்.

"லொறி ஸ்டார்ட் ஆகுறது இல்ல மாத்தயா," என்றான் தமிழில், எல்லோருக்கும் கேட்கும்படி. யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

முதலாளி உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். மழை வலுத்தது. இனி என்ன நடக்கும் என்று அங்கே யாருக்கும் தெரியாது. மனுவை நீதிமன்றம் ஏற்குமா, பொலிஸ் எப்போது வரும், நாளைக்கு அடுப்பில் என்ன வேகும், எதுவும் தெரியாது. ஆனாலும் ஒருவரும் நகரவில்லை. ஏலக்காய் பொறுக்கும் பெண்களும் ஒவ்வொருவராக வந்து சுவரோரம் நின்றார்கள்.

ஆஸியா உம்மா தன் முக்காட்டின் ஓரத்தை ஞானேஸ்வரியின் தலைக்கும் சேர்த்துப் பிடித்தாள். வேலையில்லாத கைகளோடு இருவரும் நெடுநேரம் மழையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். பிறகு கிழவி தயங்கித் தயங்கிக் கேட்டாள்:

"புள்ள, அந்தப் பச்சப் புள்ள... ஆம்புளப் புள்ளயா, பொம்புளப் புள்ளயா?"

இத்தனை மாதத்தில் அதை யாரும் அவளிடம் கேட்டதில்லை. ஞானேஸ்வரி முக்காட்டின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"பொம்பளப் புள்ள," என்றாள். "யசோதான்னு பேரு யோசிச்சு வச்சிருந்தோம். அவருதான் வச்சாரு."

"யசோதா," என்று ஆஸியா உம்மா சொல்லிப் பார்த்தாள். பக்கத்தில் நின்ற பெண்ணும், முன்பு அவள் மடியைப் பார்த்துச் சிரித்தவள்தான், மெதுவாகச் சொன்னாள், "நல்ல பேரு."

ஞானேஸ்வரி அழுதாள். யாரும் அவளைத் தனியாக அழ விடவில்லை.