எதிராளிக்குச் சாப்பாடு

"கிடைச்சுடுச்சு அத்தை! கிடைச்சுடுச்சு!"

லெமுவல் மாடிப்படிகளில் தாவித் தாவி இறங்கி வந்தபோது டமாரிஸ் ரொட்டி மாவு பிசைந்துகொண்டிருந்தாள். கணவர் இறந்த விடுதியிலிருந்து வந்த சேணப்பையை அவள் அதுவரை அவிழ்க்கவே விடவில்லை. அன்று காலைதான் மனம் வந்து, அவருடைய தங்கை மகனான இவனிடம், "நீயே பாரு, என்னால முடியாது" என்றிருந்தாள்.

"மாமா கையெழுத்துதான். கேளுங்க: 'இவ்வழக்கில் எனக்கு எள்ளளவும் ஐயமில்லை. அப்பெண் கேப்டனின் உடைமையே.' மூணாவது ஓட்டு! உச்சிக்குள்ள கொண்டுபோய்க் குடுத்தா வழக்கு இன்னிக்கே முடிஞ்சுடும்."

அவள் வாய் திறப்பதற்குள் அவன் தாளோடு ஓடிவிட்டான்; வாசலில் குதிரைக் குளம்போசை கேட்டுத் தேய்ந்தது.

அந்தப் பெண் ஸில்லா, ஓர் அடிமை. அவளுடைய எஜமான் கேப்டன் ஹெம்ஸ்டெட், இரண்டு வருடத்துக்கு முன் தேவாலயத்தில் தானே பக்கத்தில் நின்று, கஃப் என்ற சுதந்திரமான கறுப்புக் கொல்லனுக்கு அவளைக் கட்டிக்கொடுத்தான். இப்போது, "கல்யாணம் வேறு, சொத்து வேறு" என்று சொல்லி, நியூ லண்டன் துறைமுகத்தில் தெற்கே போகக் காத்திருக்கும் கப்பலில் அவளை விற்றனுப்பப் பார்த்தான். வழக்கைக் கேட்ட மூன்று நீதிபதிகளில் பல்க்லி கேப்டன் பக்கம். எல்லிஸ் ஸில்லா பக்கம். மூன்றாமவர் டமாரிஸின் கணவர் அசஹேல் வாதம்ஸ், "எழுதித் தருகிறேன்" என்று சொல்லிவிட்டு அடுத்த ஊர் வழக்குகளுக்குப் போனவர், வழியிலேயே காய்ச்சலில் போய்விட்டார். அவர் எழுதிவைத்தது ஏதாவது கிடைத்தால் அதையே மூன்றாவது ஓட்டாக எடுத்துக்கொள்வதென்று இரு தரப்பும் ஒப்புக்கொண்டிருந்தன.

எள்ளளவும் ஐயமில்லையாம். அசஹேலுக்கா? காலையில் எந்தக் காலுறை போடுவது என்பதற்கே ஐயப்படுகிற மனுஷன்!

டமாரிஸ் மாவுக் கையோடு மாடிக்கு ஓடினாள். பழைய தீர்ப்பு வரைவுகளின் கட்டுகளை மேசையிலிருந்து வாரி மடியில் போட்டாள். தலையணைக்கடியில் இருந்த கடிதத்தை எடுத்து ரவிக்கைக்குள் செருகினாள். வண்டியைப் பூட்டி, கிழட்டுக் குதிரையை அதுவரை யாரும் விரட்டாத விரட்டு விரட்டினாள். பாலத்தில் தொப்பி பறந்தது. திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

நீதிமன்றத்தில் பல்க்லி அந்தத் தாளை உரக்கப் படித்து முடித்துக்கொண்டிருந்தார். கேப்டன் ஏற்கெனவே எழுந்து நின்று கையுறை மாட்டிக்கொண்டிருந்தான். ஸில்லா அசையாமல் உட்கார்ந்திருந்தாள். கஃபின் கை அவள் தோளில் இருந்தது.

"அது அவரோட தீர்ப்பு இல்லை!" என்றாள் டமாரிஸ், கதவருகிலிருந்தே.

"வாதம்ஸ் அம்மா, உங்க துக்கம் எங்களுக்குப் புரியுது," என்றார் பல்க்லி. "ஆனா எழுத்து அவரோடது."

"எழுத்து அவரோடதுதான். பேச்சு எதிராளியோடது. எந்த வழக்குன்னாலும் தன் மனசுக்கு விரோதமான பக்கத்துக்குத்தான் முதல்ல எழுதுவாரு. அந்தப் பக்கத்து வக்கீலே மயங்கிப்போற மாதிரி. 'எதிராளிக்கு முதல்ல சாப்பாடு போடணும் டமாரிஸ், பட்டினி போட்டு ஜெயிச்சா அது ஒரு ஜெயமா?'ன்னுவாரு. அதுல எல்லாம் 'எள்ளளவும் ஐயமில்லை'ன்னுதான் தொடங்கும். தன்னோடது எழுதும்போது ஐயமில்லாம அவருக்கு ஒரு வரி வராது."

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். "அது நெசந்தான்! என் வேலித் தகராறுல ரெண்டு மணி நேரம் தயங்கினாரே!" என்றது ஒரு குரல்.

"சோதிச்சுப் பாத்துடலாமே," என்றார் எல்லிஸ்.

பல்க்லி பிடிவாதக்காரர், ஆனால் நேர்மையானவர். அவள் மேசையில் இறக்கிய கட்டுகளைத் தன் பக்கம் இழுத்து, நடுவிலிருந்து ஒரு தாளை உருவி முதல் வரியை மட்டும் படித்தார். "எதிராளி," என்றாள் டமாரிஸ். எழுத்தர் பதிவேட்டைப் புரட்டினார். அசஹேல் கொடுத்த தீர்ப்பு அதற்கு நேர் எதிராக இருந்தது. இன்னொன்று. "இது அவரோடது." சரியாக இருந்தது. ஆட்கள் பெஞ்சுமேல் ஏறி நின்றார்கள். லெமுவல் நகத்தைக் கடித்தான்.

மூன்றாவது தாளும் 'எள்ளளவும் ஐயமில்லை' என்றே தொடங்கியது. "எதிராளி," என்றாள்.

எழுத்தர் படித்துப் பார்த்துத் தயங்கினார். "இல்லீங்கம்மா. இந்தத் தாள்ல இருக்கறதுதான் கோர்ட்டு தீர்ப்பு."

கேப்டன் தொடையில் தட்டிச் சிரித்தான்.

"பதிவேட்டை முழுசாப் படிய்யா," என்றார் எல்லிஸ்.

"'இருவர் தீர்ப்பின்படி...'" எழுத்தரின் விரல் இறங்கி நின்றது. "'நீதிபதி வாதம்ஸ் இதற்கு உடன்படவில்லை.'"

கூரை அதிர்ந்தது. பல்க்லி சுத்தியலால் மேசையைத் தட்டித் தட்டிக் கை ஓய்ந்தார்.

"சரி," என்றார். "இன்னிக்கு வந்த தாளும் எதிராளியோடதுன்னே வச்சுக்குவோம். ஆனா எழுதி முடிச்சதும், எதிராளி சொல்றதுதான் சரின்னு அவர் மனசு மாறியிருந்தா?"

அந்தக் கேள்வி வரும் என்று டமாரிஸுக்கு வழியெல்லாம் தெரிந்தே இருந்தது. ரவிக்கைக்குள்ளிருந்து கடிதத்தை எடுத்தாள். அவரைப் புதைத்து வீடு திரும்பிய மறுநாள் தபாலில் வந்தது. மனைவிக்கென்று அவர் எழுதிய கடைசி வரிகள்; யாருக்கும் காட்டியதில்லை.

"நடுவுல இருக்கற பத்தி மட்டும் போதும்," என்று எழுத்தரிடம் நீட்டினாள்.

ஆனால் எதையும் தலையிலிருந்து கால்வரை படித்தே பழகிய மனுஷன் அவர். "'என் டமாரிஸுக்கு. இந்த விடுதியில் படுக்கை ஈரம், சூப்பு அதைவிட ஈரம். உன் முதுகுச் சூட்டுக்கு ஏங்குகிறேன்...'"

டமாரிஸ் முகம் சிவக்க நின்றாள், தலை குனியவில்லை.

"'நேற்று ஹெம்ஸ்டெட் வழக்கில் எதிராளிக்கு வயிறாரப் போட்டேன். பாவம், எவ்வளவு போட்டும் அவனால் எழுந்து நிற்க முடியவில்லை. ஒருவனுக்கு மனைவியாகக் கொடுத்தவளைத் திரும்ப வாங்கிக்கொள்ள எஜமானுக்கு உரிமையில்லை. இனி அந்தப் பெண்ணுக்காக எழுத வேண்டும். இன்று கை நடுங்குகிறது. நாளை எழுதுகிறேன்.'"

பல்க்லி கடிதத்தை வாங்கித் தானும் ஒருமுறை படித்தார். மடித்தார். எழுந்து வந்து அவள் கையிலேயே கொடுத்தார்.

"நான் சொன்ன தீர்ப்புல எனக்கு மாற்றமில்லை," என்றார். "ஆனா ரெண்டுக்கு ஒண்ணு. நான் தோத்துட்டேன். ஸில்லா, எழுந்திரும்மா. இனிமே உனக்கு எஜமான்னு யாரும் இல்லை."

கேப்டன் கதவை அறைந்துகொண்டு போனான். கஃப் இரண்டு கைகளாலும் தன் தலையைப் பிடித்துக்கொண்டு நின்றான். ஸில்லா எழுந்தாள். எல்லோரும் அவள் அழுவாளென்று பார்த்தார்கள்.

"என் ராட்டை அந்தாளு வீட்ல இருக்குங்க," என்றாள். "கஃப் செஞ்சு குடுத்தது. அது யாரோடதுன்னும் சொல்லிடுங்க."

பல்க்லியே சிரித்துவிட்டார். "அது வேற வழக்கும்மா!"

"வழக்கும் வேணாம், ஒண்ணும் வேணாம்," என்றாள் டமாரிஸ், அவள் கையைப் பிடித்து இழுத்தபடி. "அந்தாளு நடந்துதான் போறான், எங்கிட்ட வண்டி இருக்கு, அவனுக்கு முன்னாடி போய் எடுத்துடலாம். ஏறு!"