நாவல்திட்டியில் ஒரு தக்பீர்

“பிஸ்மில்லாஹி அல்லாஹு அக்பர்!”

களப்புச் சேற்றில் அடர்ந்த கண்ணாப் பற்றைக்குள்ளிருந்து குரல் வந்தது. முனாப் வலித்துக்கொண்டிருந்த சவளைத் தண்ணீரிலிருந்து தூக்கித் தோணிக்குள் கிடத்தினான். முந்தாநாள் இதே இடத்தில்தான் முதல் கொக்குக் கண்ணியைக் கண்டெடுத்திருந்தான். வேற்றூர்க் கள்ளனாக இருந்தால் கொக்கின் கழுத்தைத் திருகிப்போட்டுச் சத்தமில்லாமல் போயிருப்பான். இவன் நம் ஊர்க் கள்ளன். தக்பீர் சொல்லாமல் அறுக்க மாட்டான். மெதுவாகச் சொல்லவும் தெரியாது.

பிடித்துவிட்டேன் என்று முனாபின் மனம் ஒரு கணம்தான் துள்ளியது. அவனுக்கு அந்தக் குரலைத் தெரியும். மூன்று வருடத்துக்கு முன், அவன் கையைப் பிடித்துக்கொண்டு, ‘என் மகள் றம்ஸியாவை உமக்கு நிக்காஹ் செய்து தந்தேன்’ என்று சபையறியச் சொன்ன குரல்.

போன மாரியில் அடித்த கார்த்திகைச் சூறாவளி, களப்புத் தண்ணீருக்கு நடுவிலுள்ள இந்த நாவல்திட்டியை மொட்டையடித்துவிட்டுப் போயிருந்தது. அந்த மாரிக்கு ஒரு கொக்குக்கூட இறங்கவில்லை. திட்டியையும் களப்பையும் காக்க வனவிலங்கு இலாகா அவனை வாச்சராகப் போட்டபோது காப்பதற்கு அங்கே சேறுதான் இருந்தது. முறிந்து தொங்கிய கிளைகளுக்கு அவன் கம்பு வெட்டி முண்டு கொடுத்தான். கயிற்றால் வரிந்து கட்டினான். பைத்தியம் என்றார்கள். இந்த மாரிக்குக் கொக்குகள் வந்தன. நாற்பத்தொரு கூடுகள்; அதில் பதினேழு, அவன் முண்டு கொடுத்த கிளைகளில். போன கிழமைதான் அவனுடைய வேலையும் நிரந்தரமானது.

“ஆரது?”

“நான்தான் மனே. சத்தம் போடாதீங்க, மத்தது வெருண்டிரும்.”

மாமனார் ஸைனுலாப்தீன் முழங்கால் சேற்றில், சாரனைத் தூக்கிக் கட்டிக்கொண்டு, கையில் கத்தியோடு நின்றார். ஒரு கொக்கு வேர்களுக்கிடையில் அறுபட்டுக் கிடந்தது. இன்னொன்று கண்ணியில் கால் சிக்கிச் சிறகடித்துக்கொண்டிருந்தது. தலைக்கு மேலே ஒரு கூட்டில் மூன்று குஞ்சுகள் வாயைப் பிளந்து கத்தின.

“இதென்ன மாமா வேல?”

“உங்கட வேல நிரந்தரமானதுக்கு இண்டைக்கு லுஹர் தொழுகைக்குப் பொறகு சாப்பாடு குடுக்கனே! மருமகனுக்குக் கொக்கு பொரிச்சி வெக்காத மாமன் என்ன மாமன்? என்ட மாமனார் எனக்கு மூணு வெச்சவரு. ரெண்டாச்சும் வெக்காட்டி நம்மட குடிச் சொந்தக்காரனுகள் சிரிப்பானுகள்.”

“அந்த வேலய எனக்கு எதுக்குத் தந்தாங்க எண்டு தெரியுமா?”

“ஏன் தெரியா? கொக்குக் காக்க.” அவர் முகத்தில் ஒரு சுருக்கமும் விழவில்லை. “தோட்டம் காக்கிறவன்ட ஊட்டுல கத்தரிக்கா வாங்கியா மனே ஆக்குவாங்க?”

இந்த மனுஷன் கட்டிக் கொடுத்த வீட்டில்தான் முனாப் படுத்தெழும்புகிறான். அடுத்த வளவிலுள்ள அவர் வீட்டிலிருந்து ஒரு நாள் தவறாமல் அவனுக்குக் கறிக்கோப்பை வருகிறது. மூன்று வருடத்தில் மாமனாருக்கு முன் அவன் குரலை உயர்த்தியதில்லை. றம்ஸியா இந்நேரம் விருந்துக்குத் தேங்காய் துருவிக்கொண்டிருப்பாள். பார்த்தவர் எவருமில்லை, தோணியைத் திருப்பினால் போதும். திருப்பினால் நாளைக்கு இந்தச் சேற்றில் பத்துக் கண்ணி இருக்கும். மாமனுக்கு ஒரு சட்டம், எங்களுக்கு ஒரு சட்டமா என்று எந்தக் கள்ளனும் கேட்பான்.

சேற்றில் இறங்கினான். கண்ணியை அறுத்தான். கொக்கு அவன் முகத்தில் சிறகால் அடித்துவிட்டுப் பறந்தது.

“அட அல்லாஹ்வே! சரி, அறுத்தத எண்டாலும் கொண்டுபோவம். ஹலாலாக் கிடக்கு.”

“என்ட கையில நம்பித் தந்த அமானிதம் மாமா இது. அமானிதத்தில கள்ளமா எடுத்தா, எத்தின தக்பீர் சொல்லி அறுத்தாலும் நமக்கு எப்பிடி ஹலாலாகும்?”

ஸைனுலாப்தீன் குனிந்து கத்தியைக் கழுவினார். சாரனில் துடைத்தார். பிடியை மருமகன் பக்கமாகத் திருப்பி நீட்டினார்.

“ஊட்டுக்கா போறம்?”

“இல்ல மாமா. இலாகாக் கந்தோருக்கு.” முனாப் கத்தியை வாங்கி, கந்தோரில் காட்ட அறுபட்ட கொக்கையும் எடுத்துக்கொண்டான்.

“என்ட பேர எழுதுவீங்களா?”

“ஓம்.”

தோணி கரை சேர்ந்தது. கல்முனைச் சந்தையில் சனம் கூடும் நேரம். “பின் ஒழுங்கையால போவம் மாமா” என்றான் முனாப்.

“ஏன்? ஒளிச்சிப் போறதுக்கு நான் என்ன கள்ளனா?” சொன்ன பிறகுதான் அவருக்கே அது விளங்கியிருக்க வேண்டும், கொஞ்சம் நின்றார். “சரி, கள்ளன்தான். எண்டாலும் பெரிய றோட்டாலதான் போற.”

தேநீர்க்கடை பக்கீர் முகைதீன் கையைத் தூக்கினார். “என்ன ஸைனுலாப்தீன் காக்கா, உடம்பெல்லாம் சேறு? விருந்துச் சாமானா?”

“விருந்து இருக்கு. பருப்பும் கீரையும். மறக்காம வாங்க. நான் கந்தோருக்குப் போய் வாறன். மருமகன் கொக்குக் கள்ளனப் புடிச்சிட்டாரு.”

“ஆர் அந்த நாய்?”

“நான்தான்!” தெருவுக்கே கேட்கிற குரல். “உங்கட மருமகனுக்கு வருமாடாப்பா இந்த நெஞ்சு? மாமனக் கண்டா வேலிக்குள்ள ஒளிச்சிப் பூருற ஆளெல்லோ அவரு!”

ஆற்றிக்கொண்டிருந்த தேநீர் கோப்பைக்கு வெளியே ஊற்றியது. கடைக்குள் ஒருவர் சிரிக்கத் தொடங்கி, முனாபின் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்தினார். பீடி பற்றவைத்த இரண்டு தோணிக்காரர்கள் குச்சி விரலைச் சுடும்வரை பார்த்துக்கொண்டே நின்றார்கள்.

கந்தோருக்கு முந்திய கடை சலூன். ஸைனுலாப்தீன் அதற்குள் நுழைந்து கண்ணாடிக்கு முன் நின்றார். கன்னத்துச் சேற்றைத் துடைத்தார். தொப்பியை நேராக்கினார். பச்சை இடுப்புவாரை ஒரு துளை இறுக்கினார், கலியாண வீட்டுக்குள் நுழையப்போகிறவர்போல. பிறகு இறங்கி நடந்தார், நெஞ்சை நிமிர்த்தி, விறுவிறுவென்று. வாழையிலையில் சுற்றிய கொக்கை ஏந்திக்கொண்டு, அவருக்கு ஈடுகொடுத்து நடக்க முடியாமல், வாச்சர் பின்னால் ஓடினான்.