நாற்பது பெயர்கள்

செபமாலையை அப்பாவின் விரல்களில் சுற்றிக்கொண்டிருந்தபோதுதான் அருளம்மா கவனித்தாள். சவப்பெட்டிக்குள் அவர் தலை அளவுக்கு மீறி உயர்ந்திருந்தது. மூடினால் மூக்கு இடிக்கும். தலையணையைச் சரிசெய்யக் கைவைத்தாள். உள்ளே தென்னந்தும்பு இல்லை, கடதாசி.

காலையிலிருந்து அவள் வீடெல்லாம் தேடிய கட்டு அது. ஆயிரத்துத் தொளாயிரத்து முப்பத்தொன்பதில் தொடங்கி இந்த ஐம்பத்தொன்பதுவரை அப்பா, ஸ்ரீபன் வாத்தியார், எழுதியது. முல்லைத்தீவுக் கரைக்குப் பறங்கிக் கப்பல்கள் வந்து போன வரலாறு. பள்ளி விடுமுறைக்கெல்லாம் கொழும்புக்கு ரெயில் ஏறி, பழைய கடிதங்களைப் பார்த்துப் பகர்த்தி வந்து எழுதினார். வேறு பிரதி கிடையாது.

தலையணை வாய் மீன்வலையின் கிழிசல் பொத்தும் நூலால் தைக்கப்பட்டிருந்தது. தைத்தவர் யாரென்று கேட்கவே தேவையில்லை. பெட்டியருகில் நின்ற அந்தோனிமுத்து மாமாவைப் பார்த்தாள். அம்மாவின் அண்ணன், கோயில் மூப்பர். குடும்பத்தில் வலைத்தொழில் அவருக்கு மட்டும்தான்.

“மாமா, இதுக்குள்ளை அப்பான்ரை எழுத்துக் கிடக்கு.”

“ஓம், நான்தான் வைச்சனான். அவரின்ரை உயிரே அதிலைதானே. அவரோடையே போகட்டும் பிள்ளை.”

பாசமாகத்தான் சொன்னார். கண் மட்டும் முற்றத்துச் சனத்தை நோட்டம் விட்டது.

அருளம்மாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மூப்பர் குடும்பத்து முன்னோர் ஒருவர் பறங்கிக் கப்பித்தானுக்கு ஆள் கொடுக்க மறுத்துச் சவுக்கடி பட்டாராம். அதனால்தான் கோயில் திருநாளில் முதற்கொடி பிடிக்கும் உரிமை அவர்கள் கையில். ஊரே நம்பும் கதை. அப்பா கண்டெடுத்த கடிதமோ, யானை ஏற்றும் கப்பலுக்கு நாற்பது பேரைப் பிடித்துக் கொடுத்தவரே அந்த முன்னோர்தான் என்றது. நாற்பது பெயரும் அதில் இருந்தன. ஒருவராவது திரும்பியதாக எங்கும் இல்லை.

“பங்குச் சுவாமி வந்திட்டார். மூடியைக் கொண்டா,” என்றார் மாமா, ஆசாரியிடம்.

அருளம்மா பெட்டி விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். “மூட விடமாட்டன் மாமா.”

“செத்தவீட்டிலை சண்டை வேண்டாம். கொம்மாவின்ரை பரம்பரையும் அதுதான். நாளைக்கு அவள் எந்த முகத்தோடை கோயிலுக்குப் போறது?”

அருளம்மா அம்மாவைத் திரும்பிப் பார்த்தாள். பெட்டி விளிம்பை விட்டாள். ஆசாரி மூடியோடு வாசலில் தயங்கி நின்றான்.

காலையிலிருந்து தலைமாட்டில் இருந்த அம்மா றோசம்மா எழுந்தாள்.

“அவர் எனக்கு வாசிச்சுக் காட்டினவர் அண்ணை,” என்றாள் றோசம்மா. “நாற்பது பேரையும்.”

மாமா பெட்டியைவிட்டு ஓரடி விலகினார்.

மருந்து பருக்கும்போது தாங்குவதுபோல் ஒரு கையால் அப்பாவின் தலையைத் தாங்கினாள் அம்மா. மறு கையால் தலையணையை இழுத்து மகளிடம் கொடுத்தாள். வெறும் பலகையில் தலையைக் கிடத்த மனம் வரவில்லை. சுற்றுமுற்றும் பார்த்தாள். பிறகு தன் முக்காட்டுத் துணியை எடுத்து நான்காய் மடித்து அடியில் வைத்தாள்.

சுவாமியார் செபத்தைத் தொடங்கினார். பெண்களெல்லாம் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டார்கள். அம்மா வெறுந்தலையோடு முழங்காலில் நின்றாள்.