ஒன்பதாம் இணை

துளி விழுகிறது, இன்னும் கண்ணாடியைத் தொடவில்லை, தாரணியின் வலது கை சொட்டுக்குழாயோடு நெற்றிக்கு மேலே உயர்ந்திருக்கிறது, இடது கையில் சாய்வாகப் பிடித்த கண்ணாடித் தகடு, அதன்மேல் சற்றுமுன் அவள் ஊதிய மூச்சு வெண்படலமாகப் படிந்து ஓரங்களிலிருந்து மறையத் தொடங்குகிறது, முழுவதும் மறைவதற்குள் துளி வந்து சேர வேண்டும், சேர்ந்தால் துளியிலுள்ள செல்கள் விரிந்து உள்ளேயிருக்கும் குரோமோசோம்கள் சிந்திய சேமியாபோல் தனித்தனியாகக் கிடக்கும், ஈரம் காய்ந்துவிட்டால் ஒன்றின்மேல் ஒன்று விழுந்து எண்ணவே முடியாது, நான் கண்ணாடிக் கதவுக்கு வெளியே செருப்பைக் கழற்றிவிட்டு நிற்கிறேன், கையில் அவளுடைய ஹெல்மெட், வீட்டுக்கு அழைத்துப் போக வந்திருக்கிறேன், அவள் என்னைப் பார்த்துவிட்டாள், ஆனால் துளி விழும்வரை சிரிக்கமாட்டாள்.

அப்புறம் சிரித்தாள். மழைக்காலத்துல ஊத வேண்டியதே இல்லீங்க, காத்தே ஊதிக் குடுத்துரும், சித்திரையிலதான் வாய் வலிக்கும், என்று வண்டியில் பின்னால் உட்கார்ந்து என் தோளிடம் சொல்கிறாள், ராம்நகர் முழுக்க மழை வாசனை, அவளிடம் மட்டும் வினிகர் வாசனை, செல்களைக் கெடாமல் வைக்கும் அமிலத்தின் வாசனை அது, சோப்புப் போட்டாலும் போகாது, ஊறுகாய்க் கம்பெனியில பொண்ணு எடுத்த மாதிரி இருக்கு என்றேன், பம்ப்புக் கம்பெனிக்காரரு கிரீஸ் மணக்கறத நான் சொன்னனா என்றாள். நான் பீளமேட்டில் ஒரு பம்ப் நிறுவனத்தில் வரைபடம் போடுகிறவன். இப்போதும் போடுகிறேன். அவள்தான் இல்லை, போன ஐப்பசியில் ஒரு காய்ச்சல், ரத்தத்தட்டுகள் குறைந்துகொண்டே போயின, அவ்வளவுதான்.

ரெஜினாக்கா போன வாரம் கூப்பிட்டார், அவளோடு அதே மேசையில் வேலை பார்த்தவர், அவளுக்கு ரொம்ப மூத்தவர், தம்பி, லேப் சரவணம்பட்டிக்கு மாறுது, பழைய டியூபெல்லாம் வெள்ளிக்கிழம எரிக்கக் குடுக்கறோம், ஃப்ரீசர்ல உங்களுது ஒண்ணு கெடக்கு, எடுத்துப் போட மனசு வரல. எங்களுதுன்னா என்றேன், தெரிந்தே கேட்டேன். அதான் தம்பி, தாரணியோட குழந்தைன்னு எழுதியிருக்குமில்ல, அது. போட்டுடுங்கக்கா என்றேன், ஒருமுறை எரித்தவனுக்கு இன்னொரு முறை எரிக்கச் சொல்வது அவ்வளவு சிரமமாக இல்லை, அவர் ஃபோனை வைக்கவில்லை, நானும் வைக்கவில்லை, அங்கே ஏதோ இயந்திரம் சுற்றி ஓய்கிற சத்தம் கேட்டது, வெள்ளிக்கிழம வரைக்கும் இங்கதான் இருக்கும், என்றார் கடைசியில், அது யாருன்னு உங்களுக்குத் தெரியுமில்ல.

தெரியும். அந்த லேபில் ஒரு வழக்கம் உண்டு, செல் வளர்க்கும் புது மருந்து பாட்டில் வந்தால் நோயாளியின் ரத்தத்தில் முதலில் போட்டுப் பார்க்கமாட்டார்கள், வேலை செய்கிறவர்களில் ஒருவர் கையை நீட்ட வேண்டும், பெரும்பாலும் தாரணிதான் நீட்டினாள், எனக்குத்தான் நரம்பு நல்லா எடுப்பா இருக்கு என்பாள், சோதனை முடிந்ததும் ரத்தத்தையும் தகடுகளையும் எறிந்துவிடுவார்கள், ஒரு சொட்டும் மிச்சம் வைக்கமாட்டார்கள், அப்படிப் பார்த்துப் பார்த்துத் தன் முகம்போல் தன் குரோமோசோம்களும் அவளுக்குப் பழகியிருந்தன, நாற்பத்தாறு, இருபத்துமூன்று இணை, பள்ளிக்கூட அசெம்ப்ளி மாதிரி உயரவாரியாக நிற்க வேண்டும், ஒவ்வொரு இணையிலும் ஒன்று அம்மா கொடுத்தது, ஒன்று அப்பா கொடுத்தது, அனேகமாக ஒரே மாதிரி இருக்கும், அவளுடைய ஒன்பதாம் இணை மட்டும் அப்படியில்லை, ஒன்றுக்கு நடுவிலுள்ள இடுப்புப் பகுதி நீளம், மற்றதற்கு அந்த இடுப்பு தலைகீழாகத் திரும்பியிருக்கும், நோய் ஒன்றும் இல்லை, மச்சம் மாதிரி, ஆனால் இரண்டும் ஒரே ஆளிடம் அமைவது அபூர்வம், எங்கப்பாவுக்கும் அம்மாவுக்கும் எதுலயும் ஒத்துப்போனதில்ல, இதுல மட்டும் ஒத்துப்போயிருமாக்கும் என்பாள். நிச்சயம் முடிந்து நான் முதல்முறை அங்கே போனபோது அவளே என் கையில் ஊசி குத்துகிறாள், ஜாதகம் பாத்தாச்சு, இதையும் பாத்துருவோம், பின்னால் நின்ற ரெஜினாக்கா, மாப்பிள்ளைக்கு வால் கீல் இருக்கான்னு நல்லாப் பாரு தாரணி என்கிறார், கொஞ்ச நாள் கழித்து ஃபோனில் குரல், எல்லாம் நேரா இருக்குங்க, ஒன்பதுகூட, இவ்வளவு ஒழுங்கான ஆளோட எப்படிங்க குப்ப கொட்டறது.

கொட்டினாள். கொடியில் துணி உலர்த்தினாலும் உயரவாரியாகத்தான் உலர்த்துவாள், என் சட்டையை அவள் சுடிதாருக்குப் பக்கத்தில், தோளோடு தோள், நடுவில் ஒரே கிளிப், இப்போது நான் உலர்த்தும் கொடியில் சட்டைகள் மட்டும் தொங்குகின்றன, அவை எல்லாம் ஒரே உயரம். செல் இரண்டாகப் பிரியும்போது, பிரிவதற்கு முந்தைய கணத்தில் ஒரு மருந்தை விட்டு நிறுத்துவார்களாம், அந்தக் கணத்தில்தான் குரோமோசோம் கண்ணுக்குப் பிடிபடும், பிரியப் போறப்பதாங்க முகம் தெளிவாத் தெரியும், என்று அடுப்படியில் பருப்புக் கடைந்துகொண்டே சொன்னாள், மத்து சுற்றும் சத்தத்தில் பாதிதான் கேட்டேன், உப்புப் போட்டாயா என்று கேட்டேன் என நினைக்கிறேன்.

மூன்றாம் மாதத்தில் கரு கலைந்தது. ஏன் என்று தெரிந்துகொள்ள மருத்துவமனை அதை ஒரு சிறு குப்பியில் இட்டு அவளுடைய லேபுக்கே அனுப்பியது, பிறக்காத குழந்தைக்குத் தாயின் பெயர்தான் பெயர், தாரணியின் குழந்தை என்று ஒட்டியிருந்தார்கள், குப்பியில் இருப்பதெல்லாம் குழந்தை ஆகிவிடாது, தாயின் இழையும் ஒட்டிக்கொண்டு வரும், லென்ஸின் கீழே வைத்து இடுக்கியால் பிரிக்க வேண்டும், வெள்ளை வேர்போல் கிளைத்திருப்பது குழந்தை, மற்றது தாய், தாயை ஒதுக்கிவிட்டுக் குழந்தையை மட்டும் வளர்க்க வேண்டும், ரெஜினாக்காதான் பிரித்தார், எத்தனையோ பேருக்குப் பிரித்தவர், அன்றைக்குக் கண் நிறைந்து நிறைந்து லென்ஸில் எல்லாம் வெள்ளையாகவே தெரிந்ததாம்.

முடிவு வந்தது, பெண், நாற்பத்தாறும் சரி, குறை ஒன்றும் இல்லை. ஒரு குறை இருந்திருந்தால் பழியை அதன்மேல் போட்டுவிட்டு எழுந்திருப்போம், குறையே இல்லாத ஒரு பெண் எதற்காகப் போனாள் என்று கேட்டுக் கேட்டு நாங்கள் அவளை வளர்க்கத் தொடங்கிவிட்டோம், அல்லி என்று நான்தான் முதலில் கூப்பிட்டேன், அல்லிக்கு இந்நேரம் பல்லு மொளச்சிருக்கும், அல்லி உங்களாட்டம் வாயே தொறக்காம இருந்திருப்பா, சாப்பிடும்போதும் துணி மடிக்கும்போதும் இதே பேச்சு, உக்கடம் குளத்தைத் தாண்டும்போது வண்டியை நிறுத்தச் சொல்வாள், அல்லிக்குப் பறவை காட்டுங்க, நான் கை நீட்டிக் காட்டுவேன், அது நாமக்கோழி, கட்டை மேல இறக்கைய விரிச்சுட்டு நிக்கறது நீர்க்காகம், யாரும் இல்லாத இடத்தைப் பார்த்து நான் பேசுவதை அவள் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருப்பாள், வாழ்நாளில் நான் அதிகம் பேசியது அந்தக் குளக்கரையில்தான்.

பங்குனியில் ஒரு மாலை, லேப் வாசலில் வந்து நின்றவள் வண்டியில் ஏறவில்லை. ஏறு என்றேன். இன்னிக்கு அல்லியப் பாத்தேங்க என்றாள். தன் குழந்தையின் தகட்டைத் தானே படிக்கக் கூடாது என்று டாக்டர் தடுத்திருந்ததால் அதுவரை அவள் பார்த்ததே இல்லை, உங்களுது என்ன வந்திருக்குன்னு தேடினேன், ஒன்பதுல ஒண்ணு நேரா இருக்கணும், அது உங்களுது. இருந்துச்சா என்றேன். துப்பட்டா நுனியை விரலில் சுற்றிக்கொண்டே சொன்னாள், இல்லீங்க, ரெண்டுமே கோணல், நீளமானதும் இருக்கு, தலைகீழானதும் இருக்கு. எனக்குப் புரியவில்லை. எங்கிட்டிருந்து குழந்தைக்கு ரெண்டுல ஒண்ணுதான் போகும், ரெண்டும் போகாது, அது குழந்தை இல்லீங்க, நானு, என்னோட துணுக்கு ஒண்ணு ஒட்டிட்டு வந்து அதுதான் வளந்திருக்கு, குழந்தையோடது வளரவே இல்ல. அப்ப அல்லி என்றேன். தெரியல, பையனாக்கூட இருந்திருக்கலாம். நீ பாக்காமயே இருந்திருக்கலாம் என்றேன். பாத்தாச்சே என்றாள், ஏறி உட்கார்ந்தாள், வடகோவை மேம்பாலத்தில் காற்று பலமாக இருந்தது, முதுகுக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது, சிரிப்பா அழுகையா என்று காற்றில் பிரித்தறிய முடியவில்லை, இத்தன மாசமா என்னையத்தான் கொஞ்சிட்டு இருந்திருக்கீங்க, நேர்ல ஒருநாள் கொஞ்சினதில்ல.

குழந்தையைப் பற்றி ஒன்றும் சொல்ல இயலாது என்று முடிவைத் திருத்திக் கொடுத்தார்கள். அல்லி என்ற பெயர் வீட்டில் நின்றுபோனது, காய்ச்சல் முற்றிய அந்த அறையில் ஒரே ஒரு முறை அவள் கண் திறக்காமல் சொன்னாள், அல்லிக்குப் பறவை காட்டுங்க, எதிரே வெள்ளைச் சுவரும் சலைன் பாட்டிலும்தான், நான் கை நீட்டினேன், அது நாமக்கோழி என்றேன், நர்ஸ் திரும்பிப் பார்த்தாள், நாமக்கோழி என்றேன் மறுபடியும், இன்றைக்கும் கனவில் என் தோளில் ஒரு குழந்தை உட்கார்ந்திருக்கிறது, குளத்தில் தண்ணீர் இல்லை, தரை முழுக்க சேமியாத் துண்டுகள், குழந்தை குனிந்து என் காதில் எண்ணுகிறது, வினிகர் வாசனை அடிக்கிறது, நான் நிமிர்ந்து முகத்தைப் பார்ப்பதற்குள் விழித்துவிடுகிறேன்.

வெள்ளிக்கிழமை போய் நின்றேன். எதற்கு வந்தேன் என்று சொல்லத் தெரியவில்லை, லேபில் பாதி மேசைகள் இல்லை, சுவரில் அவை இருந்த இடம் மட்டும் வெளுப்பாக, ரெஜினாக்கா ஃப்ரீசரிலிருந்து எடுத்து வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தார், சுண்டுவிரல் அளவு டியூப், அடியில் ஒரு மஞ்சள்பருப்பு அளவுக்கு வெள்ளையாக ஏதோ படிந்திருந்தது, உலகத்தில் அவள் உடம்பில் மிச்சம் அவ்வளவுதான், அதுவும் குழந்தை என்ற பெயரில். நான் மட்டும் ஒழுங்காப் பிரிச்சிருந்தா, என்று அவர் தொடங்கினார், உங்க புள்ள யாருன்னாவது தெரிஞ்சிருக்கும் தம்பி, தாரணி ஒரு வார்த்த கேக்கல எங்கிட்ட, அடுத்த நாளு எப்பவும் போல டிபன்பாக்ஸத் தெறந்து அக்கா கொத்தமல்லித் தொவையல்னு நீட்டறா. நல்லவேளைங்கக்கா என்றேன், நீங்க பிரிக்கல. அவர் என்னைப் பார்த்தார், பிறகு டியூபைப் பார்த்தார், கையுறையின் மணிக்கட்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஒரு தகடு போட்டுக் குடுக்கறேன், காஞ்சிட்டா கெடாது, உங்க காலம் முடிய வெச்சுக்கலாம் என்றார்.

குளிர்ந்த நீரிலிருந்து ஒரு கண்ணாடித் தகட்டை எடுத்து உதறினார், அதன் சொரசொரப்பான ஓரத்தில் எழுதப் பென்சிலை எடுத்தவர் நிறுத்தினார், பேரு என்ன போடட்டும், குழந்தைன்னே இருக்கட்டுமா. தாரணின்னு போடுங்க என்றேன். எழுதினார். இந்தச் சித்திரையில காத்துல பொட்டு ஈரமில்ல, எனக்கு இப்பல்லாம் மூச்சு பத்தறதில்ல தம்பி, நீங்க ஊதுங்க, வாய அகலமாத் தெறந்து, மெதுவா, அவ ஊதறதப் பாத்திருப்பீங்கல்ல. பார்த்திருக்கிறேன், கதவுக்கு வெளியே நின்று எத்தனை மாலை பார்த்திருக்கிறேன், தகட்டைச் சாய்வாகப் பிடித்து வாயருகே கொண்டுவந்தேன், ஐப்பசிக்கப்புறம் உள்ளே இழுத்த மூச்சையெல்லாம் வெளியே விடாமல் வைத்திருந்தவன்போல் ஊதினேன், வெண்படலம் படிகிறது, ஓரங்களிலிருந்து மறையத் தொடங்குகிறது, டியூபிலிருந்து உறிஞ்சிய சொட்டுக்குழாயோடு ரெஜினாக்காவின் கை நெற்றிக்கு மேலே உயர்கிறது, வினிகர் வாசனை, கண்ணாடிக் கதவுக்கு வெளியே யாரோ ஹெல்மெட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள், நான் பார்த்துவிட்டேன், ஆனால் துளி விழும்வரை திரும்பமாட்டேன், என் மூச்சு இன்னும் காயவில்லை, துளி விழுகிறது, வருகிறாள், தொடுகிறாள், விரிகிறாள்.